கேம் வீடியோ ரெக்கார்டிங்: எடிட்டிங் மேஜைக்கு வந்த பிறகு சரிசெய்ய முடியாத தவறுகள்

ஆடியும் மார்கழியும் கல்யாண வீடியோ எடிட் செய்கிறவனுக்கு ஈ ஓட்டும் மாதங்கள். கடலூர் திருப்பாப்புலியூரில் ஒரு மாடி அறை, இரண்டு மானிட்டர், ஒரு பழைய நாற்காலி, இதுதான் என் கடை. அந்த இரண்டு மாதமும் பென் டிரைவோடு படியேறி வருகிறவர்களில் பாதிப்பேர் கேம் ஆடும் பையன்கள். மஞ்சக்குப்பத்திலிருந்து வருவார்கள், முதுநகரிலிருந்து வருவார்கள், பஸ் பிடித்துப் புதுச்சேரி லாஸ்பேட்டையிலிருந்தும் வருவார்கள். எல்லோரும் கேட்பது ஒன்றுதான்: "அண்ணா, இதைக் கொஞ்சம் தெளிவாக்கித் தர முடியுமா?"

பெரும்பாலும் முடியாது. எடிட்டிங்கில் நிறத்தைத் திருத்தலாம், வெட்டலாம், ஒட்டலாம். ஃபைலில் பதிவாகாத ஒன்றை வரவழைக்க முடியாது. வருகிற ஃபைல்களைப் பார்த்தால், ஆட்டம் தொடங்குவதற்கு முன்பே, செட்டிங்ஸில் வைத்தே, காரியம் கெட்டுப்போயிருக்கும்.

ஒரே பட்டன், ஊருக்கு ஒரு பேச்சு

என் அக்கா மகன் நண்பன் வீட்டில் எக்ஸ்பாக்ஸ் என்ற கன்சோலில் (டிவியில் மாட்டி ஆடும் கேம் பெட்டி) ஆடிப் பழகியவன். எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் கன்ட்ரோலரில் ஷேர் பட்டனை ஒரு தட்டு தட்டினால் போட்டோ, அழுத்திப் பிடித்தால் அதற்கு முந்தைய சில விநாடிகள் வீடியோவாகச் சேமிக்கப்படும். மாற்றாமல் விட்டால் 30 விநாடி. நின்டெண்டோ ஸ்விட்சிலும் அப்படித்தான்: கேப்சர் பட்டனை அழுத்திப் பிடித்தால் கடைசி 30 விநாடி கிடைக்கும்.

அவன் வீட்டில் இருந்தது பி.எஸ்.4, அதாவது சோனியின் பிளேஸ்டேஷன் 4. தெருப் பையன்களுக்குள் ஃபுட்பால் போட்டி, இறுதி ஆட்டம். கடைசி நிமிடத்தில் பாக்ஸுக்கு வெளியிலிருந்து அடித்த பந்து கம்பத்தில் பட்டு உள்ளே போய்விட்டது. கை நடுங்க ஷேர் பட்டனை அழுத்திப் பிடித்தான். பி.எஸ்.4-இல் வழக்கமான அமைப்பில் அழுத்திப் பிடித்தால் போட்டோதான் எடுக்கும். திரை ஓரத்தில் போட்டோ எடுத்ததற்கான சின்னம் வந்ததும், "ஐயோ, வீடியோ இல்லையே" என்று பதறி இரண்டு முறை டக் டக்கென்று தட்டினான். அந்தத் தட்டலில்தான் எல்லாம் போனது. பி.எஸ்.4 பின்னணியில் ஓடிய 15 நிமிட ஆட்டத்தைத் தானாகவே பிடித்து வைத்திருக்கும். இரட்டைத் தட்டு என்றால் அதற்கு "இங்கிருந்து புதிதாகப் பதிவைத் தொடங்கு" என்று பொருள். சேமிக்காமல் இருந்த பழைய பதினைந்து நிமிடத்தையும் அது தூக்கிப் போட்டுவிடும்.

அவனிடம் மிஞ்சியது ஒரே ஒரு படம். வீரன் முட்டி போட்டுச் சறுக்குகிறான், பாதி உடம்பு ஸ்கோர் பலகைக்குப் பின்னால். அதை வைத்து நான் என்ன வீடியோ செய்வது?

அவன் செய்திருக்க வேண்டியது இவ்வளவுதான்: ஷேரை ஒரு முறை தட்டி, மெனு வந்ததும் சதுர பட்டன். அதே மெனுவில் இருக்கும் அமைப்புகளுக்குள் போய் 15 நிமிடத்தை 60 வரை கூட்டியும் வைத்துக்கொள்ளலாம். இன்னொன்று, வேறு கேமைத் திறந்தால் பழைய கேமின் சேமிக்காத பதிவு போய்விடும். "அப்புறம் சேமிக்கலாம்" என்ற பேச்சுக்கே அங்கே இடமில்லை.

பி.எஸ்.5-இல் பட்டனின் பெயர் கிரியேட். எந்த அழுத்தத்துக்கு என்ன வேலை என்பதை நாமே மாற்றிக்கொள்ளலாம். வீட்டில் அண்ணன் மாற்றி வைத்திருப்பான், தம்பிக்குத் தெரியாது. ஆட உட்காரும் முன் ஒரு முறை பார்த்துக்கொள்வது நல்லது. பி.எஸ்.5-இல் 4கே தேர்ந்தெடுத்தால் ஃபைல் வெப்எம் வடிவத்தில்தான் வரும். பல எடிட்டிங் மென்பொருள்கள் அதைத் திறக்க முரண்டு பிடிக்கும். இன்ஸ்டாகிராமில் போடப்போகும் ஒரு நிமிடத் துண்டுக்கு 4கே எதற்கு? 1080பி, எம்பி4 என்று வைத்தால் உங்களுக்கும் நிம்மதி, எனக்கும் நிம்மதி.

கறுப்புத் திரை

கன்சோலில் பதிவு செய்வதற்குப் பதில், அதன் படத்தைக் கம்ப்யூட்டருக்குக் கொண்டுபோய்ப் பதியும் கேப்சர் கார்டு வாங்குகிறவர்கள் முதலில் முட்டிக்கொள்வது இதில்தான். ஒயர் எல்லாம் சரி, டிவியில் படம் வருகிறது, கம்ப்யூட்டரில் மட்டும் கறுப்பு. கார்டு பழுது என்று கடைக்குத் திருப்பி எடுத்துக்கொண்டு ஓடியவர்களை எனக்குத் தெரியும். காரணம் எச்.டி.சி.பி. என்ற நகல் தடுப்பு. பி.எஸ்.4, பி.எஸ்.5 இரண்டிலும் செட்டிங்ஸில் அதை அணைக்கலாம். பி.எஸ்.5-இல் சிஸ்டம் பகுதிக்குள் எச்.டி.எம்.ஐ. என்ற இடத்தில் இருக்கும். அணைத்தால் அதே பெட்டியில் நெட்பிளிக்ஸ் மாதிரி ஆப்கள் ஓடாது. ராத்திரி அம்மா படம் பார்க்க உட்காரும் நேரத்துக்குள் மறுபடி போட்டு வைத்துவிடுங்கள், இல்லாவிட்டால் வீட்டில் உங்கள் கேமுக்கே தடை வரும். பி.எஸ்.3-இல் இந்த அணைப்பு வசதியே கிடையாது.

ஸ்விட்ச் லைட் வாங்கிவிட்டு அதற்கும் கேப்சர் கார்டு தேடுகிற பையன்கள் உண்டு. அதிலிருந்து டிவிக்குப் படம் வெளியே வராது. சாதாரண ஸ்விட்சானாலும் டிவியோடு இணைக்கும் தாங்கியான டாக்கில் உட்கார வைத்தால்தான் வரும்.

கார்டின் அட்டைப் பெட்டியில் பெரிதாக 4கே என்று போட்டிருப்பதை நம்பி ஏமாறுவது இன்னொரு கதை. விலை மலிந்த குச்சிகளில் அந்த 4கே என்பது உள்ளே வாங்கிக்கொள்ளும் அளவு. கம்ப்யூட்டருக்குக் கொடுப்பது பெரும்பாலும் 1080பி-தான், அதுவும் விநாடிக்கு 30 ஃபிரேம், அதாவது 30 படம். கணக்குப் போட்டால் தெரிந்துவிடும். 1080பி படத்தை விநாடிக்கு 60 ஃபிரேம் வீதம் சுருக்காமல் அனுப்ப விநாடிக்கு ஏறக்குறைய 250 எம்.பி. தேவை. யூ.எஸ்.பி. 2.0 ஏட்டளவிலேயே 60 எம்.பி.தான் தாங்கும். நாலு பேர் போகிற சந்தில் தேரை இழுக்கிற கதை. அதனால் கார்டு படத்தைக் கசக்கிச் சுருக்கி அனுப்புகிறது. யூ.எஸ்.பி. 3.0 கார்டு வாங்கினாலும் அதை லேப்டாப்பின் 3.0 துளையில் சொருக வேண்டும். பழைய 2.0 துளையில் சொருகிவிட்டு "படம் துள்ளுது அண்ணா" என்றால் நான் என்ன செய்ய?

கார்டு வழியாக லேப்டாப்பில் தெரியும் படத்தைப் பார்த்தே ஆடுவதும் தவறு. அது கொஞ்சம் தாமதித்துத்தான் வரும். அடி விழுந்த பிறகுதான் அடி வருவது தெரியும். கார்டில் டிவிக்குப் போகும் இன்னொரு எச்.டி.எம்.ஐ. துளை இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள், டிவியைப் பார்த்து ஆடுங்கள்.

புதுச்சேரிக்காரர்களுக்கு மட்டும் ஒரு விஷயம். பிரான்சில் இருக்கும் மாமாவோ சித்தப்பாவோ எப்போதோ கொண்டுவந்த பி.எஸ்.2 அங்கே பல வீட்டுப் பரணில் கிடக்கிறது. அதைத் தூசி தட்டி எடுத்து ரெக்கார்டு செய்ய ஆசைப்படுகிறவர்கள், கம்ப்யூட்டரில் எல்லாவற்றையும் 60 என்று வைத்துவிடுகிறார்கள். ஐரோப்பிய பி.எஸ்.2 பால் (PAL) என்ற டிவி முறையில் ஓடுவது, பெரும்பாலான ஆட்டங்கள் விநாடிக்கு 50 ஃபிரேம். 60-இல் பிடித்தால் ஓடுகிற கார் சீராக ஓடாமல் விக்கி விக்கி ஓடும். 50 என்று மாற்றுங்கள், சரியாகிவிடும்.

கரண்ட் போனால் ஃபைல் போகுமா?

கம்ப்யூட்டரில் ஓ.பி.எஸ். என்ற ரெக்கார்டிங் மென்பொருள் போட்டு ரெக்கார்டு செய்கிறவர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய முதல் கேள்வி இது. நம் பக்கம் ஐப்பசி, கார்த்திகையில் கரண்ட் சொல்லிவிட்டுப் போகாது. தானே, ஃபெஞ்சல் என்று புயல் பெயர்கள் இங்கே சின்னப் பிள்ளைக்கும் மனப்பாடம். எம்பி4 ஃபைலில், எந்த ஃபிரேம் எங்கே இருக்கிறது என்ற அட்டவணை பதிவு முடியும்போதுதான் எழுதப்படும். நடுவில் கரண்ட் போனாலோ கம்ப்யூட்டர் தொங்கினாலோ அட்டவணை இருக்காது. ஒருவன் 11 ஜி.பி. ஃபைல் கொண்டுவந்தான், எதிலும் திறக்கவில்லை. பொருள் எல்லாம் உள்ளே இருக்கிறது, சாவி இல்லை.

ஓ.பி.எஸ்.-இல் பதிவு வடிவத்தை எம்.கே.வி. என்று மாற்றிவிட்டால் கரண்ட் போன விநாடி வரை பதிவானது பிழைத்துக்கொள்ளும். பிறகு அதே ஓ.பி.எஸ்.-இன் ஃபைல் மெனுவில் ரீமக்ஸ் கொடுத்தால் தரம் குறையாமல் எம்பி4 ஆகிவிடும். 2024-இல் வந்த 30.2 பதிப்பில் ஹைபிரிட் எம்பி4 என்ற வடிவமும் சேர்ந்தது, அதுவும் இந்த விபத்தைத் தாங்கும்.

ஓ.பி.எஸ்.-இல் ரெக்கார்டிங் தரம் "ஸ்ட்ரீமுக்கு உள்ளதே போதும்" என்ற தேர்வில் கிடப்பதையும் அடிக்கடி பார்க்கிறேன். நேரலைக்கு இணைய வேகம் குறைவு என்பதால் பிட்ரேட்டை (ஒரு விநாடி வீடியோவுக்கு ஒதுக்கும் தரவின் அளவு) ஒடுக்கி வைத்திருப்பார்கள், பதிவும் அதே ஒடுக்கத்தில் போய்விடும். ஆள் அசையாமல் நிற்கும்போது ஒன்றும் தெரியாது. பப்ஜியின் இந்திய வடிவமான பி.ஜி.எம்.ஐ.-யில் புல்வெளியில் படுத்து நகரும்போது பாருங்கள். ஒவ்வொரு புல்லும் தனித்தனியாக இருந்த இடம் குளத்துப் பாசி மாதிரி வழவழவென்று ஆகிவிடும். அந்தப் பாசியைத்தான் "தெளிவாக்கித் தாங்க" என்று என்னிடம் கொண்டுவருகிறார்கள். நல்ல தரத்துக்கு 50 எம்.பி.பி.எஸ். (விநாடிக்கு 50 மெகாபிட்) என்று வைத்தால் நிமிடத்துக்கு 375 எம்.பி., மணிக்கு 22.5 ஜி.பி. ஆகும். இடம் எவ்வளவு இருக்கிறது என்று பார்த்துவிட்டுத் தொடங்குங்கள்.

கேமிங் லேப்டாப்பில் ஓ.பி.எஸ். கறுப்பாகத் தெரிந்தால் பெரும்பாலும் கிராபிக்ஸ் சிப் இரண்டு இருப்பதுதான் காரணம். கேம் ஒரு சிப்பில், ஓ.பி.எஸ். இன்னொன்றில். விண்டோஸ் டிஸ்பிளே செட்டிங்ஸில் கிராபிக்ஸ் பகுதிக்குப் போய், கேமை மட்டும் பிடிப்பதென்றால் ஓ.பி.எஸ்.-ஐ உயர் செயல்திறனுக்கும், முழுத் திரையையும் பிடிப்பதென்றால் மின்சாரம் மிச்சப்படுத்தும் தேர்வுக்கும் மாற்றுங்கள்.

போன்

வருகிற ஃபைல்களில் அதிகம் போனில் எடுத்தவைதான். 2020 செப்டம்பரில் பப்ஜி தடையாவதற்கு முன் எடுத்த கிளிப்புகளை இன்னும் சில பேர் தாலிக்கொடி மாதிரி பத்திரமாக வைத்திருக்கிறார்கள். அவற்றில் துப்பாக்கிச் சத்தத்தைவிட ஃபேன் சத்தம்தான் பெரிதாகக் கேட்கும். ஆண்ட்ராய்டு 10 வரும்வரை, நாமாக இறக்கிப் போடும் ஆப் எதுவும் கேமின் உள் ஒலியை நேரடியாகப் பிடிக்க வழியில்லாமல் இருந்தது. ஸ்பீக்கரில் வருவதை மைக் கேட்டுப் பதியும், கூடவே குக்கர் விசிலும். ஆண்ட்ராய்டு 11 முதல் ரெக்கார்டர் போனிலேயே இருக்கிறது, உள் ஒலியா மைக்கா என்று கேட்கும். அதைப் படிக்காமல் தொடங்குகிறவர்கள் இன்றும் உண்டு. ஐபோனில் பேச்சும் பதிவாக வேண்டுமென்றால் ரெக்கார்டு பட்டனை அழுத்திப் பிடித்து மைக்கை இயக்க வேண்டும்.

நோட்டிஃபிகேஷனை அணைக்காதது சின்னத் தவறாகத் தெரியும். ஒரு பையனின் கிளிப்பில் வங்கி ஓ.டி.பி.யும், அதற்குக் கீழே அப்பா அனுப்பிய "எங்கடா இருக்க" என்ற செய்தியும் முழுதாக வந்திருந்தன. ஓ.டி.பி. காலாவதியாகிவிடும். அப்பா செய்தியை நான் மங்கலாக்கிக் கொடுத்தேன்.

போன் வீடியோவில் எடிட்டருக்கு மட்டும் தெரியும் ஒரு தலைவலி இருக்கிறது. போன் சூடாகும்போதும் கேம் கனக்கும்போதும் ஃபிரேம் எண்ணிக்கை ஏறி இறங்கும், அப்படியே பதிவாகும். போனில் பார்க்க நன்றாக இருக்கும். எடிட்டிங்கில் போட்டால் பத்து நிமிடம் கழித்துச் சுட்டது முன்னால், சத்தம் பின்னால். ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் மாறாத ஃபிரேம் வேகத்துக்கு மாற்றிக் கொண்டுவந்தால் எனக்கு அரை மணி நேரம் மிச்சம், உங்களுக்கும் கொஞ்சம் காசு மிச்சம்.

ஒலியைப் பற்றி ஒரே வார்த்தை. ஓ.பி.எஸ்.-இல் ஆறு ட்ராக் வரை பிரித்துப் பதியலாம். கேம் ஒன்றில், உங்கள் பேச்சு ஒன்றில், நண்பர்கள் பேச்சு இன்னொன்றில். எல்லாம் ஒரே ட்ராக்கில் இருந்தால் ஆடி வெள்ளி கூழ் ஊற்றும் கோயில் ஒலிபெருக்கியை உங்கள் குரலிலிருந்து பிரித்தெடுக்க என்னால் ஆகாது.

கடைசியாகப் பென் டிரைவ். ஃபேட் 32 என்ற பழைய ஃபைல் முறையில் இருந்தால் 4 ஜி.பி.க்கு மேற்பட்ட ஃபைல் ஏறாது. 50 எம்.பி.பி.எஸ். கணக்கில் அது பதினொன்றரை நிமிடம்கூட வராது. ஃபார்மேட் கொடுத்து எக்ஸ்ஃபேட் முறைக்கு ஆக்கிக்கொள்ளுங்கள், பி.எஸ்.5-உம் அதை ஏற்கும். ஆனால் ஃபார்மேட் கொடுக்கும் முன் உள்ளே என்ன இருக்கிறது என்று பாருங்கள். போன மார்கழியில் முதுநகர்ப் பையன் ஒருவன் என் எதிரில் உட்கார்ந்தே ஃபார்மேட் கொடுத்தான். முடிந்த பிறகுதான் அதில் அவன் அக்கா கல்யாண வீடியோ இருந்தது நினைவுக்கு வந்தது. முகம் வெளிறிப்போனது. நல்லவேளை, அந்தக் கல்யாணத்தை எடிட் செய்தவன் நான்தான். இன்னொரு பிரதி என் ஹார்ட் டிஸ்க்கில் இருந்தது.