குடியேறிகள் கட்டிய தேவாலயத்தின் வரலாற்றைத் தேடுவது எப்படி?

பலரும் போதகர்களின் பட்டியலில் இருந்துதான் ஆரம்பிப்பார்கள். நானும் அப்படித்தான் ஆரம்பித்தேன். பெயர்களும் ஆண்டுகளும் சேர்ந்தன, மனிதர்கள் யாரும் கண்ணில் படவில்லை. அதனால் முதலில் இதைக் கேளுங்கள்: இந்த ஜனங்கள் என்ன பிழைப்புக்காக இங்கே வந்தார்கள்?

லண்டனில் ஆல்ட்கேட் ஈஸ்ட் நிலையத்தில் இறங்கி, நடக்கிற தூரத்தில் உள்ள ஆலி தெருவுக்குப் போங்கள். அங்கே இருக்கும் புனித ஜார்ஜ் ஜெர்மன் லுத்தரன் தேவாலயம் 1762-இல் தொடங்கியது. என்ன பிழைப்பு என்ற கேள்விக்கு இங்கே விடை சர்க்கரை. அந்த வைட்சேப்பல் பகுதியின் சர்க்கரை ஆலைகளில் ஜெர்மானியர்கள்தான் நிறைய வேலை செய்தார்கள். கரீபியன் தீவுகளில் அடிமைகள் விளைவித்த கரும்பின் பழுப்புச் சர்க்கரையைக் கரைத்து, மாட்டு ரத்தம் சேர்த்து அழுக்கெடுத்து, காய்ச்சிக் கூம்பு அச்சுகளில் ஊற்றும் வேலை. சூடு தாங்காது. தேவாலயத்துக்கு முன்னின்று பணம் கொடுத்த டீட்ரிக் பெக்மானும் சர்க்கரை ஆலை முதலாளிதான்.

அப்புறம் சுவரைப் படியுங்கள். பலிபீடத்துக்குப் பின்னால் பத்துக் கட்டளைகள் ஜெர்மன் மொழியில் தொங்குகின்றன. அங்கேயே இங்கிலாந்து மன்னர் மூன்றாம் ஜார்ஜின் அரசச் சின்னமும் இருக்கிறது. அவரும் ஜெர்மனியிலிருந்து வந்த ஹனோவர் வம்சம்தான். தாய்மொழியையும் குடிபுகுந்த நாட்டின் ராஜாவையும் ஒரே சுவரில் வைத்திருக்கிறார்கள். நம் கோயில்களில் உபயம் யார் என்று பார்ப்பது போலவே இங்கும் கல்வெட்டுப் பெயர்களை நிதானமாகக் குறித்துக்கொள்ளுங்கள்.

அந்தப் பெயர்களோடு தேவாலயத்தின் ஞானஸ்நான, திருமணப் பதிவேடுகளைத் தேடுங்கள். பழைய ஜெர்மன் கையெழுத்தில் 'e' என்பது நம் கண்ணுக்கு 'n' போலவே தெரியும். எழுத்து அட்டவணை ஒன்றைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, தெரிந்த பெயர் ஒன்றிலிருந்து ஆரம்பியுங்கள். எழுத்தர்கள் பல நேரம் பெயர்களை மட்டும் லத்தீன் எழுத்தில், அதாவது நாம் இன்று ஆங்கிலத்தில் பார்க்கும் எழுத்தில் எழுதியிருப்பார்கள், அது பெரிய உதவி.

பழைய செய்தித்தாள்களை விட்டுவிடாதீர்கள். 1764-இல் சில நூறு ஜெர்மன் ஏழைகளைக் குடியேற்றம் என்று சொல்லி லண்டனுக்குக் கூட்டிவந்தவன் அவர்களை அப்படியே கைவிட்டுவிட்டான். முதல் போதகர் வாக்செல் பத்திரிகை வழியாக ஊரிடம் உதவி கேட்டார். பணம் குவிந்தது. அந்த ஏழைகள் அமெரிக்காவின் தென் கரோலினாவுக்குக் கப்பலேறினார்கள். இதைப் படித்த பிறகுதான் வாக்செல் எனக்கு ஒரு மனிதராகத் தெரிந்தார்.

இரண்டு ஆண்டுகளின் பக்கங்களைத் தனியாகப் பாருங்கள். ஒன்று 1915: லூசிட்டானியா என்ற பயணிகள் கப்பலை ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் மூழ்கடித்த பிறகு லண்டன் கிழக்குப் பகுதியில் ஜெர்மானியர்களின் கடைகள் சூறையாடப்பட்டன, பல ஆண்கள் முகாம்களில் அடைக்கப்பட்டார்கள். இன்னொன்று 1933: ஹிட்லரிடமிருந்து தப்பி வந்தவர்களுக்குப் போதகர் யூலியஸ் ரீகர் இங்கிருந்துதான் உதவி செய்தார்.

நேரில் போவதற்கு முன் திறந்திருக்கும் நாளைக் கேட்டு வையுங்கள். 1996-இல் வழக்கமான வழிபாடு நின்றுவிட்டது. உள்ளே போனதும் கதவு வைத்த பெட்டி இருக்கை ஒன்றில் உட்கார்ந்து, கதவைச் சாத்திவிட்டு, கொஞ்ச நேரம் பிரசங்க மேடையைப் பாருங்கள். ஆலையிலிருந்து வந்தவர்களும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.