ஒருவரே பல பொறுப்பேற்றுப் படமெடுக்கும்போது

எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு ஆகிய நான்கையும் ஒருவரே செய்யலாம். ஒரே நேரத்தில் செய்ய முடியாது. சுயாதீனப் படைப்பாளியாக நிலைக்க விரும்புவோர், எந்த வேலையை எப்போது கீழே வைப்பது என்பதையே முதலில் பழக வேண்டும்.

திரைக்கதையின் முதல் வரைவை எழுத்தாளராக மட்டும் எழுதுங்கள். இரண்டாம் வரைவைத் தயாரிப்பாளரின் கண்ணோடு படித்து, கையில் இருக்கும் இடங்களுக்கும் ஆட்களுக்கும் ஏற்பக் காட்சிகளைக் குறையுங்கள். கிறிஸ்டோபர் நோலன் 1998-இல் வெளியான தம் முதல் முழுநீளப் படத்தை, வார நாட்களில் வேறு வேலைக்குச் செல்லும் நண்பர்களை வைத்து, சனிக்கிழமைகளில் மட்டும் ஏறத்தாழ ஓராண்டு எடுத்தார். பிலிம் வீணாகாதிருக்க நன்றாக ஒத்திகை பார்த்துவிட்டு, ஒன்றிரண்டு டேக்குகளிலேயே காட்சிகளை முடித்தார்.

படப்பிடிப்பில்தான் உண்மையான சிக்கல் தொடங்குகிறது. நடிகரின் முகத்தில் ஒரு தயக்கம் வந்துபோகும் நொடியில் நீங்கள் ஃபோகஸ் வளையத்தைத் திருகிக்கொண்டிருந்தால், அந்த டேக் தேறியதா என்று உங்களுக்கே தெரியாது. ஆகவே நடிகர் வருவதற்கு முன்பே நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் 1/50 நொடி, ஒயிட் பேலன்ஸ் (ஒளிக்கேற்ற நிறச் சமநிலை) ஆகியவற்றை முடிவுசெய்து பூட்டிவிட்டு, அதன்பின் இயக்குநராக மட்டும் நில்லுங்கள்.

ஒலிப்பதிவை மட்டும் எப்பாடுபட்டாவது இன்னொருவரிடம் ஒப்படையுங்கள். படம் சற்று மங்கினால் பொறுத்துக்கொள்ளும் பார்வையாளர், வசனம் கேட்காவிட்டால் எழுந்துவிடுவார். ஒலிப்பதிவுக் கருவியின் தர அமைப்பை 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் வைத்துப் பதிவுசெய்து, ஒவ்வோர் இடத்திலும் அனைவரையும் அமைதியாக நிற்கவைத்து, அறையின் வெறும் ஓசையை அரை நிமிடம் எடுத்துக்கொள்ளுங்கள். வெட்டுகளுக்கு இடையிலான ஓட்டையை அதுதான் அடைக்கும். இரைச்சலிடும் குளிர்பதனப் பெட்டியை அணைப்பதானால் வண்டிச் சாவியை அதற்குள் வைத்துவிடுங்கள்: மறுபடி போடாமல் வீட்டைவிட்டுக் கிளம்ப முடியாது. மெமரி கார்டை அழிக்கும் முன் இரண்டு தனித்தனி டிஸ்க்குகளில் நகல் இருக்க வேண்டும்.

படத்தொகுப்புக்கு முன் சில வாரங்கள் விலகியிருப்பது நல்லது. மழையில் நனைந்து எடுத்த ஷாட் என்பதற்காகவே அதை வெட்ட மனம் வராது. அந்த மழை திரையில் தெரிவதில்லை. தாமே ஒளிப்பதிவும் தொகுப்பும் செய்யும் அமெரிக்க இயக்குநர் ஸ்டீவன் சோடர்பெர்க், அவ்வேலைகளுக்குப் பீட்டர் ஆண்ட்ரூஸ், மேரி ஆன் பெர்னார்ட் என்ற புனைபெயர்களைப் போட்டுக்கொள்கிறார். டைட்டிலில் ஒரே பெயர் திரும்பத் திரும்ப வருவது அவ்வளவு அழகில்லை என்பது என் எண்ணமும்கூட.

வருமானத்திற்கு, உங்கள் திறன்களில் ஒன்றைப் பிறருக்கு வேலையாகச் செய்துகொடுங்கள். நேரத்தைத் தாமே வகுத்துக்கொள்ள முடிவதால் தொகுப்பு இதற்கு மிகவும் பொருந்தும். முடித்த படத்தை உடனே இணையத்தில் ஏற்றிவிடாதீர்கள், ஏனெனில் முதல் திரையிடல் தங்களுடையதாக இருக்க வேண்டுமென்று பல திரைப்பட விழாக்கள் நிபந்தனை விதிக்கின்றன. விண்ணப்பிக்கும் முன், இசைக்கான உரிமையும் நடிகர்களின் ஒப்புதலும் எழுத்தில் கையொப்பத்துடன் இருக்கின்றனவா என்று சரிபாருங்கள். நண்பர்தானே என்று வாய்ச்சொல்லில் விட்ட பாட்டு, விநியோகஸ்தர் ஆவணம் கேட்கும் நாளில் படத்தையே முடக்கிவிடும்.