சென்னா என்றால் பத்து பவுண்ட்: லண்டன் ரைமிங் ஸ்லாங்கைப் பிடிப்பது எப்படி

சென்னை ஓ.எம்.ஆரில் யு.கே. ப்ராசஸில், அதாவது பிரிட்டிஷ் வாடிக்கையாளர்களின் அழைப்பை எடுக்கும் கால் சென்டர் வேலையில் இருப்பவர்களுக்கு ஆங்கில இலக்கணம் பெரிய தொல்லை இல்லை. லைனில் ஒருவர் "ஹேவ் எ புட்சர்ஸ் அட் மை பில்" என்னும்போதுதான் கை கீபோர்டில் நின்றுவிடும். பில்லில் கசாப்புக் கடைக்காரருக்கு என்ன வேலை? ஒன்றுமில்லை. "என் பில்லைக் கொஞ்சம் பாருங்க" என்கிறார், அவ்வளவுதான்.

லண்டனின் ஈஸ்ட் எண்ட் பக்கம் பிறந்து, 1850களிலேயே கொச்சைச்சொல் அகராதிகளில் ஏறிவிட்ட ரைமிங் ஸ்லாங் இது; சொல்ல வந்த சொல்லுக்குப் பதில் அதோடு ரைம் ஆகும் ஒரு தொடரைப் போடுவது. சொல்ல வந்தது 'லுக்'. அதே ஒலியில் முடிகிற தொடர் 'புட்சர்ஸ் ஹுக்', கசாப்புக் கடைக் கொக்கி. பிறகு அந்த 'ஹுக்'கையே வெட்டிவிடுவார்கள். துப்பு இருந்த பாதி போய், சம்பந்தமில்லாத பாதி மட்டும் நம் காதில் விழுகிறது. எதுகை, மோனைக்குப் பழகியவர்கள் சொல்லின் முன்பக்கத்தில் தேடுவார்கள். இங்கே நடப்பது இயைபு. கடைசி ஒலிதான் கணக்கு.

முதலில், வாக்கியத்தில் ஒட்டாமல் நிற்கும் சொல்லைப் பிடியுங்கள். "மை ப்ளேட்ஸ் ஆர் கில்லிங் மீ" என்றால் அது 'ப்ளேட்ஸ்'. அடுத்து அந்த இடத்தில் என்ன மாதிரிச் சொல் வரும் என்று பாருங்கள்: வலிக்கிற ஏதோ ஒன்று, பன்மையில். மூன்றாவதாக அதன் ஜோடியைத் தேடுங்கள். பெரும்பாலும் 'அண்ட்', 'ஆஃப்' போட்ட தொடராக இருக்கும், இல்லையென்றால் ஒரு பிரபலத்தின் பெயர். இங்கே 'ப்ளேட்ஸ் ஆஃப் மீட்'. மீட், ஃபீட். பாதம் வலிக்கிறது. மூன்றாவது படியை ஊகித்துத் தாண்ட முடியாது. ஜோடிகளை மனப்பாடம் செய்தே ஆக வேண்டும். இருபது தெரிந்தால் அன்றாடத்துக்குப் போதும். டாக் (அண்ட் போன்) என்றால் ஃபோன், லோஃப் (ஆஃப் ப்ரெட்) தலை, சைனா (ப்ளேட்) நண்பன், பார்னெட் (ஃபேர்) முடி, போர்க்கீஸ் (போர்க்கி பைஸ்) பொய், ரோஸி (லீ) டீ. ரூபி என்றால் 'கர்ரி', மசாலாக் குழம்பு: 1950களில் கொடிகட்டிப் பறந்த பாடகி ரூபி மர்ரி உபயம்.

ஜோடி தெரிந்தும் ரைம் கேட்காமல் போவது நம் உச்சரிப்பால். 'ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்' என்றால் மாடிப்படி. பியர்ஸ் சோப் என்று சொல்லிப் பழகிய நாக்குக்கு அது ஸ்டேர்ஸோடு சேரவே சேராது. லண்டனில் சொல்லின் கடைசி 'ர்' ஒலிக்காது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். டென்னர் அங்கே 'டென்னா', அதனால்தான் கார் பந்தய வீரர் அயர்ட்டன் சென்னா பத்து பவுண்ட் ஆனார். ஃபைவர் 'ஃபைவா', ஆகவே பழங்கதைச் சீமாட்டி லேடி கொடைவா ஐந்து பவுண்ட். கிட்டாரிஸ்ட் ஹாங்க் மார்வின் என்றால் கொலைப்பசி: 'ஸ்டார்விங்'கின் கடைசி 'ங்'கை 'ன்' ஆக்கினால் பொருந்தும்.

ஒரே சொல் இரண்டு வேலை செய்யும் இடத்தில்தான் நிஜமான ஆபத்து. 'ப்ரெட்' என்றால் பணம் (ப்ரெட் அண்ட் ஹனி), 'ப்ரவுன் ப்ரெட்' என்றால் 'டெட்', செத்துப்போச்சு. "மை ரவுட்டர் இஸ் ப்ரவுன் ப்ரெட்" என்பவரிடம் பில்லிங் பற்றிப் பேசாதீர்கள். 'போனி' இன்னும் மோசம். "எ போனி" என்றால் 25 பவுண்ட். "இட்ஸ் எ பிட் போனி" என்றால் குப்பை, போனி அண்ட் ட்ராப்பிலிருந்து வந்தது (ட்ராப், க்ராப்). 25-க்குப் போனி, 500-க்கு மங்கி, 20-க்கு ஸ்கோர் எல்லாம் வெறும் கொச்சை. அவற்றில் ரைம் தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம். ஆயிரத்துக்கு 'பேக் ஆஃப் சாண்ட்' மட்டும் ரைம்: க்ராண்ட். தொகை எதுவானாலும் இலக்கத்தில் திருப்பிச் சொல்லி, "ட்வென்ட்டி ஃபைவ் பவுண்ட்ஸ், கரெக்டா?" என்று உறுதி செய்த பிறகே ரீஃபண்ட் பட்டனைத் தொடுங்கள்.

எல்லாவற்றையும் வெட்டுவதில்லை. டீ லீஃப் (திருடன்), ஹாஃப் இன்ச் (பின்ச், திருடுவது), டி.ஜே. ஒருவரின் பெயரான பீட் டாங் (ராங், சொதப்பல்), ஆடம் அண்ட் ஈவ் (நம்புவது) ஆகியவற்றை முழுசாகவே சொல்வார்கள்.

புரிந்துகொள்வதோடு நிறுத்திக்கொள்வதே நல்லது. நாமும் பதிலுக்கு எடுத்துவிட்டால் கிண்டல் போலக் கேட்கும். அமெரிக்கரைக் குறிக்கும் 'செப்டிக்' (டாங்க் – யாங்க்) வசவு. 'பெர்க்' லேசாக முட்டாள் என்பது போலத் தெரியும். வெட்டிய பாதியின் ரைம் படு ஆபாசம். மனைவியை 'ட்ரபிள் அண்ட் ஸ்ட்ரைஃப்' என்று கணவரே சொன்னாலும் நீங்கள் 'யுவர் வைஃப்' என்றே சொல்லுங்கள். டிக்கெட்டில், அதாவது அழைப்புப் பதிவில் எழுதும்போதும் அப்படித்தான்: "கஸ்டமர் பில்லைப் பார்க்கச் சொன்னார்" என்பது போதும். 'புட்சர்' என்று எழுதி வைத்தால் அடுத்த ஷிப்ட்காரர் கறிக்கடைக் கணக்கைத் தேடிக்கொண்டிருப்பார்.