ஏற்காடு மலைப்பாதையில் எடுத்த கார் காட்சியை எடிட் செய்வது எப்படி

அடிவாரத்திலிருந்து ஏற்காட்டுக்கு 20 கொண்டை ஊசி வளைவுகள். பின்சீட்டில் கேமரா, முன்சீட்டில் பேசிக்கொண்டே வரும் பெண். கையில் பத்து நிமிட ஃபுட்டேஜ்; படத்துக்கு வேண்டியது ஒன்றரை நிமிடம்.

இதற்குச் சரியான முன்மாதிரி பிரெஞ்சு எடிட்டர் செசில் டெகுஜி. 1960இல் வெளிவந்த, இயக்குநர் கோதாரின் 'ப்ரெத்லெஸ்' படம் அவர் எடிட் செய்தது. அதில் பாரிஸ் தெருக்களில் கார் ஓடும். காரில் வரும் நடிகை ஜீன் சீபெர்க்கின் தலை திரையில் ஒரே இடத்தில் இருக்க, பின்னணி மட்டும் தாவித் தாவி மாறும். ஒரே ஷாட்டின் நடுவே துண்டுகளை உருவி எடுத்ததால் வந்தது அந்தத் தாவல்.

முதலில் தலை இருக்கும் இடத்தைப் பாருங்கள். தலை ஏறக்குறைய அதே இடத்தில் இருக்கும் பிரேம்களையே ஒட்ட வேண்டும். வளைவில் உடம்பு சாயும். சாய்ந்திருக்கும்போது வெட்டினால் வெறும் குலுக்கலாகத் தெரியும். நிமிர்ந்த பிறகு வெட்டுங்கள். உருவும் துண்டு ஐந்தாறு பிரேம் மட்டும் என்றால் ஃபைல் பழுதானது போலிருக்கும். பின்னணி நன்றாக மாறும் அளவுக்கு, இரண்டு மூன்று வினாடியாவது எடுங்கள்.

அடுத்தது வெயில். இந்த மலையில் பலரும் கோட்டைவிடுவது இங்கேதான். வளைவுகள் அடுத்தடுத்து வரும் இடங்களில் கார் ஒவ்வொரு முறையும் எதிர்த்திசைக்குத் திரும்புகிறது. இடக் கன்னத்தில் அடித்த வெயில் வலக் கன்னத்துக்குப் போய்விடும். ஆகவே 3ஆம் வளைவுக்குப் பிந்தைய துண்டோடு 5க்குப் பிந்தையதை ஒட்டுங்கள், 4ஐ அல்ல. வெளிச்சம் கன்னம் மாறும் வெட்டு வேண்டுமென்றால் பேச்சின் போக்கு திரும்பும் இடத்தில் ஒரே ஒருமுறை வையுங்கள்.

ஒலிதான் பெரிய வேலை. 'ப்ரெத்லெஸ்' வசனம் பின்னால் டப்பிங் செய்யப்பட்டது. படத்தை எங்கே வெட்டினாலும் பேச்சு அறுபடாது. நேரடி ஒலியில் அந்த வசதி கிடையாது. வளைவில் கியர் இறங்கும்போது இன்ஜின் சத்தம் ஏறும். அதையும் சேர்த்து வெட்டினால் காது உடனே பிடித்துவிடும். படப்பிடிப்பு அன்றே யாரும் பேசாமல், அதே காரில், ஜன்னல்களை அதே நிலையில் வைத்து, மூன்று நிமிடம் ஓட்டிப் பதிவு செய்துகொள்ளுங்கள். அதை வெட்டாமல் காட்சி முழுக்க அடியில் ஓடவிடுங்கள். வசனத் துண்டுகளை வாக்கிய இடைவெளியில் வெட்டி, இணைப்பில் இரண்டு பிரேம் கிராஸ்ஃபேட் (ஒரு ஒலி தேய, அடுத்தது எழும் கலப்பு) கொடுங்கள். எதிரே வரும் பஸ்ஸின் ஹார்ன் அடங்கும் முன் வெட்டவே கூடாது.

இதே டெகுஜிதான் பின்னாளில் இயக்குநர் எரிக் ரோமரின் நீண்ட உரையாடல் படங்களையும் எடிட் செய்தார். அங்கே ஆட்கள் யோசித்து நிற்கும் மௌனத்துக்கு முழு நேரம் கிடைக்கிறது. உங்கள் காட்சியிலும் அப்படி ஒரு மௌனம் இருந்தால், அது எட்டு வினாடி ஆனாலும், உருவாதீர்கள். சுற்றியுள்ள தாவல்களுக்கு எடை தருவது அதுதான்.

முடித்ததும் ஒலியை அணைத்து ஒருமுறை பாருங்கள், திரையைப் பார்க்காமல் ஒருமுறை கேளுங்கள். கேட்கும்போது எந்த வெட்டாவது தெரிந்தால் அந்த இணைப்பில் இன்ஜின் சத்தத்தைச் சற்று ஏற்றுங்கள்.