சலானில் கையெழுத்துப் போடும் முன்: சரக்கு கிளியரிங்கில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆப்பிரிக்காவிலிருந்து தூத்துக்குடி வந்து இறங்கும் முந்திரிக்கொட்டை, லாரியேறி மார்த்தாண்டம், கருங்கல் பக்கத்து அண்டி ஆபீஸ்களுக்கு (முந்திரி ஆலைகளுக்கு) வந்து சேர்வதற்குள் நாலைந்து கை மாறுகிறது. நடுவில் மூட்டை நனைந்திருந்தால் கப்பல்காரரோ, துறைமுகத்தில் நமக்காகச் சுங்க வேலையை முடித்துத் தரும் கிளியரிங் ஏஜென்ட்டோ பார்த்துக்கொள்வார் என்று நம்பி இருந்துவிடுகிறோம். ஆனால் யார் கவனக்குறைவு என்பதை நிரூபிக்கும் வேலை பெரும்பாலும் நம் தலையில்தான் விழும்.

இதில் பெரிய நஷ்டம் தருவது, லாரி வந்ததும், சரக்கைப் பெற்றுக்கொண்டதற்கான சலானில் கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்துப் போடுவது. கன்டெய்னர் கதவைத் திறக்கும் முன், அதில் போட்டிருக்கும் சீலின் எண்ணை பில் ஆஃப் லேடிங்கில் (சரக்கை ஏற்றியதற்குக் கப்பல் நிறுவனம் தரும் ரசீதில்) உள்ள எண்ணோடு ஒத்துப் பாருங்கள். சேதம் கண்ணுக்குத் தெரிந்தால் அதைச் சலானிலேயே எழுதிவிட்டுக் கையெழுத்திடுங்கள். உள்ளே மறைந்திருந்த சேதம் என்றால் 3 நாளுக்குள் கப்பல் நிறுவனத்துக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். தவறினால் உரிமை போய்விடாது. ஆனால் சரக்கு நல்லபடியாக வந்தது என்றே சட்டம் முதலில் எடுத்துக்கொள்ளும். வழக்குப் போட டெலிவரியிலிருந்து 1 வருடம்தான். “பேசி முடிச்சுக்கலாம்” என்று அவர்கள் இழுத்துக்கொண்டே போனாலும் அந்தக் கெடு ஓடிக்கொண்டுதான் இருக்கும்.

நனைந்த கொட்டையை உடனே களத்தில் காயப்போடத்தான் கை போகும். காயப்போடுங்கள், தப்பில்லை. அதற்கு முன் படம் எடுத்து, நனைந்த சில மூட்டைகளை அப்படியே தனியாக வைத்து, சேதத்தை மதிப்பிடும் சர்வேயரை அழையுங்கள். அவர் ஈரத்தில் சில்வர் நைட்ரேட் சொட்டு விட்டுப் பார்ப்பார். பால்போல் வெளுத்தால் உப்புத்தண்ணீர் பட்டிருக்கிறது என்று சந்தேகிக்கலாம். வெளுக்காவிட்டால் மழையாகவோ, கன்டெய்னருக்குள் வேர்த்த தண்ணீராகவோ இருக்கலாம். காலி கன்டெய்னருக்குள் ஒருவர் நின்று கதவைச் சாத்திப் பார்த்தால், ஓட்டை இருக்கும் இடத்தில் வெளிச்சம் தெரியும். கப்பலைக் கேட்பதா, லாரியைக் கேட்பதா என்பது இங்கேதான் தெளிவாகும். லாரிக்காரர் மீது என்றால், புக்கிங் தேதியிலிருந்து 180 நாளுக்குள் எழுத்தில் நோட்டீஸ் கொடுத்திருக்க வேண்டும்.

அடுத்தது, ஏஜென்ட்டிடம் எல்லாவற்றையும் வாய்ப்பேச்சில் விடுவது. பில் ஆஃப் என்ட்ரியை (சுங்கத்துறையில் கொடுக்கும் இறக்குமதிப் படிவத்தை) கப்பல் வருவதற்கு முந்தைய நாளுக்குள் தாக்கல் செய்ய வேண்டும். தாமதமானால் முதல் 3 நாளுக்குத் தினம் 5,000 ரூபாய், அப்புறம் தினம் 10,000. ஏஜென்ட் செய்தது நீங்கள் செய்ததாகவே கருதப்படும் என்கிறது சுங்கச் சட்டத்தின் 147ஆம் பிரிவு. ஆகவே முதலில் கட்டுவது நீங்கள்தான். அவரது அலட்சியத்தால் நேரடியாக வந்த நஷ்டத்தை, 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 212ஆம் பிரிவைக் காட்டி அவரிடம் கேட்கலாம். இதனால் கைவிட்டுப்போன அடுத்த ஆர்டரின் லாபத்தையும் சேர்த்துக் கேட்டால் நிற்காது. இன்வாய்ஸும் பேக்கிங் லிஸ்ட்டும் எந்தத் தேதியில் கொடுத்தீர்கள் என்பதற்கு மெயில் இருக்கட்டும். போனில் சொன்னதை யார் சாட்சி சொல்வார்கள்?

பேப்பரை வாங்கிக்கொண்டு போகிறவரிடம் கஸ்டம்ஸ் புரோக்கர் உரிமம் (சுங்க வேலையைப் பிறருக்காகச் செய்ய சுங்கத்துறை தரும் அனுமதி) இருக்கிறதா என்றும் பாருங்கள். சில நேரம் அவர் கமிஷனுக்கு நிற்பவர். உரிமம் வேறொருவர் பெயரில் இருக்கும். உரிமம் உள்ளவரின் பெயருக்கே அதிகாரக் கடிதம் கொடுங்கள்.

கப்பல் நிறுவனம் முழு மதிப்பையும் தரும் என்று இன்சூரன்ஸை விடாதீர்கள். மதிப்பை முன்கூட்டியே பில் ஆஃப் லேடிங்கில் குறிப்பிடாவிட்டால், அவர்கள் பொறுப்புக்கு ஒரு பொதிக்கு இவ்வளவு, ஒரு கிலோவுக்கு இவ்வளவு என்று உச்சவரம்பு உண்டு.

வளைகுடாவிலிருந்து வீட்டுச் சாமான் அனுப்பும் நம்மூர்க்காரர்களுக்கு வழி கொஞ்சம் எளிது. அது வியாபாரம் இல்லை என்பதால், இங்கே கிளியர் செய்து வீட்டில் கொண்டுவந்து தரும் நிறுவனத்தின் மீது, நாகர்கோவிலில் உள்ள மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் 2 வருடத்துக்குள் புகார் கொடுக்கலாம். ஆனால் “வீட்டுச் சாமான், 4 பெட்டி” என்று மட்டும் ரசீது வாங்கினால், உடைந்த டிவி அந்தப் பெட்டியில் இருந்தது என்பதை எப்படிக் காட்டுவீர்கள்? அனுப்பும்போதே பொருள்வாரியாக, விலையோடு பட்டியல் எழுதி, அவர்களிடம் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள்.