பட்டா வேறு, பாத்தியம் வேறு: நிலத் தகராறில் செய்யக்கூடாத தவறுகள்

தாத்தா சம்பாதித்த நிலம். யூடிஆர் (அரசு நிலக் கணக்குகளைப் புதுப்பித்த பணி) நடந்த 1980களில் மூத்த மகன் பெயர் மட்டும் கணக்கில் ஏறியது. அண்ணனும் தம்பியும் ஆளுக்குப் பாதி உழுதுகொண்டிருந்ததால் யாரும் அதைக் கவனிக்கவில்லை. அண்ணன் இறந்ததும் அவருடைய பிள்ளைகள் வாரிசுச் சான்றிதழைக் காட்டிப் பட்டாவை மாற்றிக்கொண்டு, மொத்த நிலத்துக்கும் விலை பேசுகிறார்கள். தம்பி பதறிப்போய் தாலுகா ஆபீசுக்கு ஓடுகிறார். தமிழ்நாட்டில் இப்படி ஒரு குடும்பம் இல்லாத ஊர் இருக்காது.

இரண்டு பக்கமும் முதலில் செய்யும் தவறு, பட்டாவையே சொத்துரிமை என்று நினைப்பது. பட்டா வருவாய்த்துறை வைத்திருக்கும் கணக்கு; இந்த நிலத்துக்குத் தீர்வை கட்டுபவர் யார் என்று சொல்வது. அதில் பெயர் ஏறியதால் உரிமை வந்துவிடாது, பெயர் விடுபட்டதால் உரிமை போய்விடவும் செய்யாது. உச்ச நீதிமன்றம் இதைப் பல தீர்ப்புகளில் சொல்லிவிட்டது. 2021இல் ஜிதேந்திர சிங் வழக்கிலும் சொன்னது. அதற்காகப் பட்டாவை வெறும் காகிதம் என்று ஒதுக்கவும் கூடாது. பல வருடப் பட்டா, கிஸ்து (நிலத் தீர்வை) ரசீது, அடங்கல் (பயிர் விவரக் கணக்கு) எல்லாம் நிலம் யார் அனுபவத்தில் இருந்தது என்பதற்கு நல்ல சாட்சி. தாய்ப் பத்திரத்தோடு (நிலம் வந்த வழியைக் காட்டும் மூலப் பத்திரம்) சேர்த்து வைத்தால்தான் அவற்றுக்கு முழு மதிப்பு.

இரண்டாவது தவறுதான் ஆண்டுகளை விழுங்குகிறது. உரிமை யாருக்கு என்று தாசில்தாரையே தீர்மானிக்கச் சொல்வது. 1983ஆம் ஆண்டு பட்டா பாஸ்புத்தகச் சட்டத்தின் கீழ் வந்த 1987 விதிகளில், நான்காவது விதி இதைத் தெளிவாகச் சொல்கிறது: உரிமை பற்றித் தகராறு வந்தால், இருக்கும் பதிவை மாற்றுவதற்கு முன் சிவில் கோர்ட்டில் தீர்ப்பு வாங்கிவரும்படி தாசில்தார் அனுப்ப வேண்டும். சென்னை உயர் நீதிமன்றமும் 2011இல் விஸ்வாஸ் புட்வேர் வழக்கில் இதையே வலியுறுத்தியது. ஆனாலும் மக்கள் தாசில்தாரிடம் மனு, கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, டிஆர்ஓவிடம் (மாவட்ட வருவாய் அலுவலர்) சீராய்வு என்று படியேறிக்கொண்டே இருக்கிறார்கள். பிறகு உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டு, 'மனுவைப் பரிசீலித்து இத்தனை வாரத்தில் உத்தரவிடுக' என்று ஆணை வாங்கி, ஜெயித்துவிட்டதாகச் சந்தோஷப்படுகிறார்கள். அந்த ஆணை நிலம் யாருடையது என்று ஒரு வரிகூடச் சொல்வதில்லை. மறுபடி அதே தாசில்தார் மேசைக்குத்தான் போக வேண்டும்.

இதற்கிடையே காலவரம்பு ஓடிக்கொண்டிருக்கும். உரிமை விளம்புகை (நிலம் இவருடையது என்று கோர்ட் அறிவிப்பது) கேட்க, வழக்குப் போடும் உரிமை முதலில் எழுந்த நாளிலிருந்து 3 ஆண்டுகள். உரிமையின் பேரில் நிலத்தின் சுவாதீனத்தை (கைவசத்தை) கேட்க, எதிரி அனுபவம் (உரிமையாளருக்கு எதிராக நிலத்தைக் கைவசம் வைத்திருப்பது) தொடங்கியதிலிருந்து 12 ஆண்டுகள். மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காக இந்தக் கடிகாரம் நிற்கும் என்று நம்பி உட்கார்ந்திருக்காதீர்கள். என்னைக் கேட்டால், எதிர்தரப்பு எழுத்தில் உரிமையை மறுத்த அன்றே வக்கீலைப் பார்ப்பதுதான் சரி.

நேர்மாறாகவும் நடக்கிறது. பெயரில் ஓர் எழுத்துப் பிழை, கிரயம் வாங்கியும் பெயர் மாறவில்லை, யாரும் ஆட்சேபிக்கவில்லை என்றால் அதற்கு எதற்குக் கோர்ட்? அது தாலுகா ஆபீசிலேயே முடிகிற வேலை. பட்டா பாஸ்புத்தகச் சட்டத்தின் 14ஆவது பிரிவு, பட்டாப் பதிவைத் திருத்தச் சொல்லி அதிகாரி மீது நேரடியாக வழக்குப் போடுவதைத் தடுக்கிறது. உரிமை விளம்புகை வாங்கினால், அதன்படி பதிவு திருத்தப்படும். இதுதான் சட்டம் காட்டும் வழி.

கோர்ட்டுக்குப் போனாலும் தப்பான வழக்கைப் போடுகிறவர்கள் நிறைய. கட்டணத்துக்குப் பயந்து, வெறும் உறுத்துக்கட்டளை (எதிர்தரப்பு தலையிடக்கூடாது என்ற தடை உத்தரவு) மட்டும் கேட்பார்கள். உரிமையே சந்தேகத்தில் இருக்கும்போது அது போதாது. விளம்புகையும் சேர்த்துக் கேட்க வேண்டும் என்று 2008இல் அனதுலா சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. தமிழ்நாட்டில் கோர்ட் கட்டணம் 2017இல் 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைந்தது, அந்தப் பயம் முன்புபோல் தேவையில்லை. மேலே சொன்ன தம்பியின் நிலம் பாகம் பிரியாமல் இருந்தால், அவர் கேட்க வேண்டியது பாகப்பிரிவினை. பிரிந்து அவரவர் அனுபவத்தில் இருந்தால் விளம்புகையும் உறுத்துக்கட்டளையும். எதிர்தரப்பு அரசாக இருந்தால், அதாவது நிலத்தைப் புறம்போக்கு என்கிறார்கள் என்றால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் 80ஆவது பிரிவின்படி இரண்டு மாத முன்னறிவிப்பு கொடுக்க மறக்கக்கூடாது.

மிகவும் வருத்தப்பட வைப்பது சொத்து விவரப் பட்டியலில் நடக்கும் கவனக்குறைவு. பழைய பத்திரத்தில் பழைய சர்வே எண் இருக்கும், அதை அப்படியே வழக்கில் காப்பி அடித்துவிடுவார்கள். பத்துப் பன்னிரண்டு ஆண்டு போராடித் தீர்ப்பு வாங்கிக்கொண்டு தாலுகா ஆபீஸ் போனால், இந்த எண் எங்கள் கணக்கில் இல்லை என்பார்கள். அல்லது உட்பிரிவு எண் இருக்காது, பரப்பு ஏக்கரில் இருக்கும், கணக்கிலோ ஹெக்டேர், ஏர் என்று இருக்கும். வழக்குப் போடும் முன்பே அ-பதிவேடு (சர்வே எண்வாரியான நிலப் பதிவேடு), எஃப்எம்பி (புல அளவை) வரைபடம், பழைய எண்ணுக்குப் புது எண் காட்டும் ஒப்பீட்டு விவரம் எல்லாவற்றையும் எடுத்து, நான்கு எல்லையோடு எழுத வேண்டும். எல்லையில் குழப்பம் இருந்தால் அட்வகேட் கமிஷனரை (கோர்ட் நியமிக்கும் வக்கீல்) சர்வேயரோடு அனுப்பி அளக்கச் சொல்லி மனுப் போட வேண்டும்.

கடைசித் தவறு, ஜெயித்த பிறகு வருவது. தீர்ப்பு நகலைப் பீரோவில் வைத்துவிட்டு நிம்மதியாக இருந்துவிடுவது. கணக்கில் இன்னும் எதிரியின் பெயர்தானே இருக்கிறது? அதைக் காட்டி அவர் மூன்றாம் ஆளுக்குக் கிரயம் செய்துவிட்டால் புதிதாக ஒரு வழக்கு முளைக்கும். சான்றிட்ட நகல் கையில் வந்ததும், மேல்முறையீடு இருக்கிறதா, தடையாணை இருக்கிறதா என்று பார்த்துவிட்டு, தீர்ப்பு, தாய்ப் பத்திரம், புதிய வில்லங்கச் சான்று மூன்றையும் சேர்த்துப் பட்டா மாற்ற மனுவைக் கொடுத்து, ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள்.