மலையாளப் படத்தில் ஊரைக் கண்டுபிடிப்பது எப்படி?

முதல் வேலை, தமிழ் டப்பிங்கை அணைப்பது. மூல ஒலியில், சப்டைட்டிலோடு பாருங்கள். டப்பிங்கில் காசர்கோட்டுக்காரரும் திருவனந்தபுரத்துக்காரரும் ஒரே தமிழ் பேசுவார்கள். பாதி உயிர் அங்கேயே போய்விடும்.

அடுத்து, கதை எந்த வட்டாரம் என்று பிடியுங்கள். கூப்பிடும் முறையே காட்டிக்கொடுக்கும். 'இக்கா' என்றால் முஸ்லிம் வீடு. 'அச்சாயன்' என்றால் பெரும்பாலும் கோட்டயம் பக்கத்து சிரியன் கிறிஸ்தவர். அவன், அவள் என்பது 'ஓன், ஓள்' ஆனால் மலபார், அதாவது வடகேரளம். அங்கே மாப்பிள்ளைமார் எனப்படும் முஸ்லிம்களின் பேச்சில் ழகரம் யகரமாகும்: கோழிக்கோடு 'கோயிக்கோடு'. நம்மூரில் பழம் 'பயம்' ஆவதைப் போலத்தான். காது பழக 'சுடானி ஃப்ரம் நைஜீரியா' (2018) நல்ல தொடக்கம். மலப்புரத்தின் செவன்ஸ் கால்பந்து (அணிக்கு ஏழு பேர்) மோகமும் அதில் இருக்கிறது. தமிழ்க் காது இடறும் சொற்களும் உண்டு: 'களி' விளையாட்டு, 'வெள்ளம்' வெறும் தண்ணீர்.

பிறகு அடுக்களைக்குப் போங்கள். சாதி, மதம், ஆண் பெண் கணக்கு எல்லாம் அங்கேதான் கிடக்கும். 'அங்கமாலி டைரீஸ்' (2017) படத்தில் பன்றிக்கறியும் கூர்க்கையும், அதாவது நம் சிறுகிழங்கும், கிறிஸ்தவ ஊரின் அடையாளம். 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' (2021) படத்தை இரண்டு முறை பாருங்கள். இரண்டாம் முறை மனிதர்களை விட்டுவிட்டுப் பொருள்களை மட்டும் கவனியுங்கள்: மாமனார் கைக்கு வந்துசேரும் பல் துலக்கும் பிரஷ், குக்கர் இருந்தும் விறகடுப்பில் வேகவேண்டிய சோறு, சாப்பாட்டு மேசையில் துப்பிய முருங்கைச் சக்கை, யாரும் சரிசெய்யாத சிங்க் குழாய். அந்தக் குழாயில் ஒழுகிய அழுக்குத் தண்ணீர்தான் கடைசியில் ஆண்கள் மேல் வந்து விழுகிறது.

பழைய படங்களில் நாம் தவறவிடுவது வேறு இடத்தில். அடூர் கோபாலகிருஷ்ணனின் 'எலிப்பத்தாயம்' (1981) வெறும் சோம்பேறி ஒருவனின் கதையாகத் தோன்றலாம். 1970-இல் குத்தகைமுறை ஒழிந்ததையும், 1975-இல் இந்துக் கூட்டுக்குடும்பச் சொத்துமுறையை ஒழிக்கச் சட்டம் வந்ததையும் படித்துவிட்டுப் பாருங்கள். அக்கா வந்து பங்கு கேட்கும்போது தரவாட்டின், அதாவது பூர்வீகக் கூட்டுக்குடும்ப வீட்டின், அஸ்திவாரம் ஆடுவது தெரியும்.

ஒரே படத்தைக் கேரளம் முழுவதுக்கும் அளவுகோலாக வைக்காதீர்கள். பக்கத்துப் பக்கத்து ஊர்களை ஜோடி சேருங்கள். எர்ணாகுளம் மாவட்டத்தில் செல்லானத்தின் 'ஈ.ம.யௌ' (2018), கும்பளங்கியின் 'கும்பளங்கி நைட்ஸ்' (2019). ஒன்றில் கடல், சாவு, லத்தீன் கத்தோலிக்கத் தேவாலயம். மற்றதில் காயல், மீன்வலை, கதவில்லாத வீடு.